சீனிக் கார்டு

ராஜபாளையத்தில் பாத்திர வாடகைக் கடை வைத்திருக்கும் அப்துல் ரவூப் காலை ஏழு மணிக்கே போன் செய்தால், யாரையாவது திட்டுவதற்காகத்தான் இருக்கும் என்று மாரீஸ்வரிக்குத் தெரியும். கரோனா வந்து கல்யாணங்களும் கோயில் கொடைகளும் நின்றுபோனதிலிருந்து அவர் கடை அண்டாக்கள் கவிழ்ந்தே கிடந்தன. திட்டுவதற்கும் ஆள் குறைந்து போயிருந்தது.

“சேதி கேட்டியாம்மா? ஸ்ரீவில்லிபுத்தூர் மைக்செட் கருத்தையா இருக்கான்ல, அவன் ஜெனரேட்டரை விக்கிறானாம். பத்து மணிக்கு வண்டி வந்து ஏத்துதாம். மூவாயிரம் அட்வான்ஸும் வாங்கித் தின்னாச்சு.”

“ஏன் பாய்?”

“ஏன்னு என்னையக் கேட்டா? கவர்மெண்டு நாலாயிரம் கொடுத்துச்சு. பதினாலு சாமான் பையில போட்டுக் கொடுத்துச்சு. நம்ம சங்கம் அரிசி கொடுத்துச்சு. அம்புட்டும் போதலையாக்கும் அவனுக்கு. நாளைக்குத் திருவிழா தொறந்தா வாயாலயே பாட்டுப் போடுவானாமா?”

போனை வைத்த பிறகும் மாரீஸ்வரிக்கு அந்த ‘நாலாயிரம்’ காதுக்குள் நின்றது. அந்தக் கணக்கு அவள் போட்டது.

அவள் பழைய பஸ் ஸ்டாண்டு பக்கம் ஜெராக்ஸ், ஆன்லைன் கடை நடத்துகிறாள். பந்தல்காரர்கள், மைக்செட்காரர்கள், சமையல் மாஸ்டர்கள், பூக்கட்டுகிறவர்கள் என்று விசேஷ வீட்டை நம்பிப் பிழைக்கிறவர்கள் சேர்ந்து ஒரு சங்கம் வைத்திருந்தார்கள். ரவூப்தான் செயலாளர். சங்கத்தில் இருந்த சேமிப்பை அறுபத்தொரு வீட்டுக்கும் சமமாகப் பிரித்தால் யாருக்கும் பத்தாது. அதனால், எந்த வீட்டுக்கு அரசாங்கத்திடமிருந்து எவ்வளவு வரும் என்று முதலில் கணக்குப் போடச் சொன்னார்கள். நிவாரணம் வருகிற வீட்டுக்குப் பத்துக் கிலோ அரிசி. எதுவுமே வராத வீட்டுக்கு ஐயாயிரம் ரூபாய். மே மாதத்திலேயே கொடுத்து முடித்துவிட்டார்கள். இப்போது ஜூன் கடைசி.

மாரீஸ்வரி அந்தக் கணக்கைக் கூலி வாங்காமல் போட்டாள். வீட்டுக்கு வருவது ஒரு கட்டம், தொழிலுக்கு வருவது ஒரு கட்டம். தொழிலுக்கு என்று வந்ததெல்லாம் அநேகமாகக் கடன்தான். “பேங்குல பத்தாயிரம் கிடைக்குதுல்ல, அதையும் வரவுல சேரு” என்று சங்கத்தில் சிலர் சொன்னபோது அவள் ஒத்துக்கொள்ளவில்லை. திருப்பிக் கட்ட வேண்டியதை வரவு என்று எழுதுவது பாவம் என்று வாதாடினாள். ரவூப் அன்று எல்லார் முன்னாலும் அவளை மெச்சினார். அந்த மெச்சல் இரண்டு நாள் அவளுக்குள் இனித்துக்கொண்டே இருந்தது.

இப்போது அவள் கம்ப்யூட்டரைத் திறந்து, உறுப்பினர்கள் அனுப்பிய ரேஷன் கார்டு போட்டோக்களைத் தேடினாள். கருத்தையாவின் கார்டு வந்தது. அடியில் இருந்த எழுத்துகளைப் பெரிதாக்கிப் பார்த்தாள். கடைசியில் ஒரு ‘எஸ்’ இருந்தது.

எஸ் என்றால் சீனிக் கார்டு. அரிசி கிடையாது. நிவாரணமும் அரிசிக் கார்டுக்குத்தான். சீனிக் கார்டுக்குக் காலணா வராது.

பட்டியலில் அவன் பெயருக்கு நேராக ‘அரிசி’ என்று இருந்தது. அதற்கு மேல் வரியில் மம்சாபுரம் பூக்கட்டும் கருத்தம்மா. அவளுக்கு நேராக ‘சீனி’. மாரீஸ்வரிக்கு விளங்கிவிட்டது. அவள் ‘கருத்’ என்று தட்டும்போதே கம்ப்யூட்டர் மீதியைத் தானாக நிரப்பிக் கொடுக்கும். அவசரத்தில் அவள் கருத்தையாவின் சீனியைக் கருத்தம்மாவுக்கும், கருத்தம்மாவின் அரிசியைக் கருத்தையாவுக்கும் எழுதிவிட்டாள். பெரிய கடன் கணக்கில் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுப் பார்த்தவள், ஒற்றை எழுத்தில் விழுந்துவிட்டாள்.

கருத்தையாவுக்குப் போன் செய்தாள். சுவிட்ச் ஆஃப். ரவூப்பைக் கூப்பிட்டாள். நடந்ததை அவரிடம் சொன்னாள்.

“அப்ப அவனுக்கு ஒன்னுமே வரலையாம்மா?”

“பத்துக் கிலோ அரிசி மட்டுந்தான் பாய்.”

“யா அல்லாஹ். நான் போன வாரங்கூட அவனைப் பத்தி நாலு பேருட்ட நக்கலாப் பேசிட்டேனே.” குரல் இறங்கிவிட்டது. “சங்கத்துல சல்லிக்காசு இல்லம்மா. நான் வேணா யாருட்டயாச்சும் கேட்டுப் பாக்கேன். ஆனா பத்து மணிக்குள்ள நடக்காது.”

மேசை இழுப்பறையில் ஆயிரத்து ஐந்நூறு ரூபாய் இருந்தது. பிரிண்டர் மை வாங்க வைத்திருந்தது. எடுத்துக்கொண்டு கடையைப் பூட்டினாள். மணி எட்டே கால்.

ஸ்கூட்டி ஊரைத் தாண்டியதும் அவளுக்கு மனசு ஒரு நிலையில் இல்லை. மூவாயிரத்தைத் திருப்பிக் கொடுத்தால் விற்பனை நிற்கும்; கையில் பாதிதான் இருக்கிறது. மீதி எங்கே இருக்கிறது என்றும் அவளுக்குத் தெரியும். மம்சாபுரத்தில், கருத்தம்மாவிடம். இரண்டு பக்கமும் வாங்கினவள் அவள். ஆனால் பூக்கட்டிப் பிழைக்கிறவளிடம் போய், கொடுத்ததைத் திருப்பிக் கேட்பது எந்த ஊர் நியாயம்? தப்பு செய்தது ஒருத்தி, தண்டம் கட்டுவது இன்னொருத்தியா? மம்சாபுரம் திரும்பும் இடத்தில் வண்டியை நிறுத்தினாள். தாண்டிப் போனாள். கொஞ்ச தூரம் போய்த் திரும்பி வந்தாள். ‘நான் கேட்கப் போவதில்லை, நடந்ததைச் சொல்லத்தான் போகிறேன்’ என்று தனக்குத்தானே ஒரு சமாதானம் சொல்லிக்கொண்டு மேற்கே திருப்பினாள்.

கருத்தம்மா வாசலில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். பூ வேலை இல்லாததால் ஓட்டல் ஒன்றுக்கு வெங்காயம் உரித்துக் கொடுக்கிறாள் போலும். நாற்பத்தைந்து வயது இருக்கும். முகக்கவசத்தைத் தாடைக்கு இறக்கிவிட்டுப் பார்த்தாள்.

“ஏட்டி, கம்ப்யூட்டர்க்காரியா? என்ன இம்புட்டுத் தூரம்? உன் கண்ணும் கலங்கியிருக்கு, என் கண்ணும் கலங்கியிருக்கு. நான் வெங்காயம் உரிச்சேன். நீ எதை உரிச்ச?”

மாரீஸ்வரி நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னாள். காசு வேண்டும் என்று மட்டும் சொல்லவில்லை.

கருத்தம்மா அரிவாள்மனையை ஓரமாக வைத்தாள். “நான் அன்னைக்கே சொன்னேன். கவரைக் கொண்டாந்தவன்ட்ட, ‘ஏலே, எனக்கு ரேஷன்ல வந்துரும்லே, இது எதுக்கு’ன்னேன். ‘பட்டியல்ல இருக்குக்கா, கையெழுத்தைப் போடு’ன்னான். பட்டியல் சொன்னா நான் சொல்றது எடுபடுமா? யாரு வீட்டுச் சோறோன்னு எனக்கும் உறுத்திக்கிட்டேதான் இருந்துச்சு.”

“நான் கேக்க வரலக்கா...”

“கேக்க வராம, என் மூஞ்சியப் பாக்கவா வந்த?” எழுந்து உள்ளே போனாள். பாத்திரம் நகர்கிற சத்தம் கேட்டது. வெளியே வந்து ஒரு சுருட்டிய துணியை நீட்டினாள். “வீட்டு வாடகை ரெண்டு மாசம் நின்னுச்சு, கட்டிட்டேன். இதுல ஆயிரத்து எண்ணூறு இருக்கு. கொண்டு போ.”

“உங்களுக்குக்கா?”

“எனக்கு வெங்காயம் இருக்கு. ரோசம் பாத்துக்கிட்டு நிக்காத, வண்டி ஏத்திரப் போறான்.”

ஸ்ரீவில்லிபுத்தூருக்குள் நுழையும்போது ஒன்பதே முக்கால். கோயில் நடை இன்னும் திறக்க உத்தரவு வரவில்லை. ஓடுகிற வண்டியிலிருந்தே கோபுரத்தைப் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டாள். ‘தாயே, ஒரு கால் மணி நேரம் அவனை நிறுத்தி வை’ என்று வேண்டினாள். இப்படி அவசரத்துக்கு வேண்டுவதையும் தெய்வம் கேட்டுக்கொள்ளும் என்பது அவள் நம்பிக்கை.

கருத்தையாவின் தெருவில் குட்டியானை வண்டி நின்றது. அதன் மேல் ஜெனரேட்டர் ஏறியிருந்தது. சாத்தூரிலிருந்து வந்திருந்த வியாபாரி ராஜரத்தினம் கயிற்றை இழுத்து முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்தார். கருத்தையா அந்தப் பக்கம் பார்க்காமல் வயர் சுருள்களைத் தூசி தட்டிக்கொண்டிருந்தான். அவன் மனைவி யோகேஸ்வரி நிலைப்படியில் நின்றாள்.

“அண்ணே, செத்த நேரம் கயித்தைக் கட்டாதீங்க” என்று மாரீஸ்வரி வண்டியிலிருந்து இறங்குவதற்கு முன்பே சொன்னாள்.

மூச்சு வாங்க அவள் சொன்னதைக் கருத்தையா கேட்டுக்கொண்டிருந்தான். முகத்தில் எதுவும் தெரியவில்லை. “அப்ப எனக்கு ஐயாயிரம் வந்திருக்கணுமா?” என்று மட்டும் கேட்டான்.

“ஆமாண்ணே. என் தப்பு.”

“நான் வேற நினைச்சேன். ‘ஜெனரேட்டர், ஆம்பிளிஃபையர்னு வச்சிருக்கான், இவனுக்கு எதுக்கு’ன்னு சங்கத்துல முடிவு பண்ணிட்டாங்கன்னு நினைச்சேன். அதான் யாருட்டயும் வாய் தொறக்கல.”

“வாயைத் தொறந்திருந்தா ரெண்டு மாசம் கஞ்சி குடிச்சிருக்க வேண்டாம்” என்றாள் யோகேஸ்வரி. “ஊருக்கெல்லாம் மைக்கு வைப்பாரு. அவருக்குன்னா ஒரு வார்த்தை வெளிய வராது.”

மாரீஸ்வரி மூவாயிரத்து முந்நூறை எடுத்து நீட்டினாள். அதில் கருத்தம்மாவின் பங்கும் இருக்கிறது என்று தெரிந்ததும் கருத்தையா கையைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டான். “பூக்கட்டுதவ காசை வாங்கி நான் ஜெனரேட்டரைக் காப்பாத்தணுமா? கொண்டு போய்க் கொடுத்துரு தங்கச்சி.”

“குடுங்க இங்க” என்று யோகேஸ்வரி இறங்கி வந்து வாங்கிக்கொண்டாள். “அவ மனசாரக் குடுத்திருக்கா. இவுக வேண்டாம்னா அவ மனசு எம்புட்டு நோகும்? குடுக்கிறது மட்டும் புண்ணியம்னு நினைக்காதீக. வாங்கத் தெரியணும்.”

ராஜரத்தினம் கயிற்றைக் கையில் பிடித்தபடியே, “நல்லாருக்கும்மா உங்க நியாயம். எனக்குக் குடுத்த வாக்கு என்னாச்சு? சாத்தூர்லருந்து டீசலை ஊத்திக்கிட்டு வந்திருக்கேன்” என்றார்.

“வாக்குத் தப்பினது அவிய இல்லண்ணே. நான்தான்” என்றாள் மாரீஸ்வரி. “திட்டுறதுன்னா என்னையத் திட்டுங்க.”

அவர் அவளைப் பார்த்தார், ஜெனரேட்டரைப் பார்த்தார். திட்டுவதற்கு எதையோ தேடிப் பார்த்துக் கிடைக்காதவர் போலக் கயிற்றை விட்டார். “மூவாயிரத்தைக் குடுங்க. டீசலுக்கு முந்நூறு ஆகும். இருநூறு குடுங்க, போதும். நூறை நீங்க வச்சுக்கோங்க. ஏத்தினப்ப நாலு பேரு இருந்தாங்க, இறக்க யாரு இருக்கா?”

அவர்கள் நாலு பேர்தான் இருந்தார்கள். பலகை சாய்த்து, இரண்டு ஆண்கள் கீழே தாங்க, இரண்டு பெண்கள் மேலே நின்று கயிற்றை இழுத்துப் பிடித்து மெல்ல விட, ஜெனரேட்டர் முக்கி முனகி இறங்கியது. மாரீஸ்வரியின் உள்ளங்கை கயிறு அறுத்துச் சிவந்துவிட்டது. குட்டியானை காலியாகக் கடகடத்துக்கொண்டு தெருவைத் தாண்டியது.

யோகேஸ்வரி கையிலிருந்த நூறு ரூபாயைப் பார்த்தாள். “சரி, ஜெனரேட்டர் இருக்கு. இதை வறுத்துத் திங்கலாமா, குழம்பு வைக்கலாமா?”

மாரீஸ்வரிக்கு அப்போதுதான் உறைத்தது. அவ்வளவு தூரம் ஓடி வந்து அவள் காப்பாற்றியது இரும்பைத்தான். அடுப்பு அப்படியே கிடக்கிறது. “பாய் ஏதாச்சும் பாக்கேன்னு சொல்லியிருக்காங்க. நானும் சும்மா இருக்க மாட்டேன்க்கா” என்றாள். பிறகு, கேட்காமல் இருக்க முடியாமல், “அண்ணே, நீங்க ஏன் சீனிக் கார்டா வச்சிருக்கீங்க? போன வருஷம் மாத்திக்கச் சொன்னாங்கல்ல?” என்று கேட்டாள்.

கருத்தையா ஸ்பீக்கர் பெட்டி மேல் உட்கார்ந்தான். “கார்டு எடுக்கையில தொழில் நல்லாப் போச்சு. மாசம் பத்து விசேஷம். ‘அரிசி எனக்கு வேண்டாம், இல்லாதவன் வாங்கட்டும்’னு ஆபீஸ்ல சத்தமாச் சொல்லிட்டு வந்தேன். போன வருஷம் மாத்தப் போனேன். வரிசையில நிக்கும்போது அந்த வார்த்தை ஞாபகம் வந்துச்சு. பாதியிலயே திரும்பிட்டேன். இப்பப் போய்க் கேட்டா அன்னைக்குச் சொன்னது பொய்யாயிருமே.”

“எப்படிப் பொய்யாகும்?” என்றாள் யோகேஸ்வரி. அவள் குரலில் இப்போது குத்தல் இல்லை. “அன்னைக்கு இருந்துச்சு, விட்டுக் குடுத்தீக. இன்னைக்கு இல்ல, கேக்குறோம். ரெண்டுமே நெசந்தான. சாமிக்குத் தெரியாதா?”

கருத்தையா எழுந்து உள்ளே போய்க் கார்டை எடுத்து வந்து மாரீஸ்வரியிடம் கொடுத்தான். அவள் அதை வெளிச்சத்தில் பிடித்து, பெயர், எண், கடைசி எழுத்து என்று ஒவ்வொன்றாய் விரல் வைத்து, வாய்விட்டுப் படித்தாள். இரண்டாம் தடவையும் படித்தாள். பிறகுதான் தன் போனில், அரிசிக் கார்டாக மாற்றும் விண்ணப்பத்தைத் திறந்தாள்.

“போன நாலாயிரம் போனதுதாண்ணே. இது இனிமே வர்றதுக்கு.”

“எப்பத் தங்கச்சி கிடைக்கும்? எம்புட்டு வரும்?”

“அதை மட்டும் என்கிட்டக் கேக்காதீங்க” என்றாள் மாரீஸ்வரி. “போட்டு வைப்போம். கடைக்குப் போயி மீதி அம்பத்தொம்பது கார்டையும் திரும்ப ஒரு தடவை பாக்காம எனக்குச் சோறு இறங்காது. உங்க நம்பருக்கு ஓடிபி போகும். போனைப் போடுங்க.”

“எங்க போட? சார்ஜு இல்ல. கரண்டு கட்டலைன்னு ஃபியூசைப் புடுங்கிட்டுப் போயிட்டான்.”

மூன்று பேரும் ஒரே நேரத்தில் வாசலில் நின்ற ஜெனரேட்டரைப் பார்த்தார்கள். யோகேஸ்வரிதான் முதலில் சிரித்தாள். டேங்கில் அடிமட்டத்துக்கு டீசல் கிடந்தது. கருத்தையா ஹேண்டிலைச் சுற்றினான். ஒன்றேகால் வருஷமாகச் சும்மா கிடந்த இயந்திரம் இருமியது, நின்றது, மறுபடி இருமிப் புகையைக் கக்கிக்கொண்டு ஓட ஆரம்பித்தது. எந்த ஊரில் கொடை என்று கேட்பதுபோல் தெருச் சனம் கதவைத் திறந்து எட்டிப் பார்த்தது.

அதில் சார்ஜரைச் செருகியதும் போனில் உயிர் வந்து, ஓடிபி செய்தியும் வந்து விழுந்தது. அந்த இரைச்சலில் சாதாரணமாகச் சொன்னால் கேட்காது. கருத்தையா நிமிர்ந்து நின்றான். தொண்டையைச் செருமிக்கொண்டு, திடலின் கடைசி வரிசைக்கும் எட்டுகிற தன் பழைய குரலில், ஒவ்வொரு எண்ணுக்கும் இடம் விட்டு, “நாலு... ஒன்னு... ஒன்னு...” என்று சொல்லத் தொடங்கினான். மாரீஸ்வரி ஒவ்வொன்றையும் திரும்பச் சொல்லி, அவன் ஆமென்று தலையாட்டிய பிறகே அடுத்ததைத் தட்டினாள்.