எளநி மாதிரித் தண்ணி

எங்க தெரு அடிபைப்புல மஞ்சத்தண்ணி வர ஆரம்பிச்ச வருசம், அத ஒரு பாட்டில்ல புடிச்சிக்கிட்டு கடலூர் கலெக்டர் ஆபீசுக்குப் போனவ நான்தான். திங்கக்கெழம மனு வாங்குற மேசமேல டொக்குன்னு வச்சி, "மோந்து பாருங்க சார், அழுகுன முட்ட நாத்தம்"னேன். பேப்பர்ல போட்டோ வந்துது. பக்கத்துல எம் புருசன் பச்சமுத்து, கல்யாண வூட்டுல நிக்கிறாப்பல சிரிச்சிக்கிட்டு நிக்கிறாரு. போட்டோன்னா சிரிக்கணும்னு யாரு சொன்னாங்களோ! ஆனா அந்த போட்டோவாலதான் தெருவுக்கு லாரித் தண்ணி வந்துது.

ரெண்டு வருசம் கழிச்சி, தண்ணியக் கெடுத்த அந்தப் பக்கத்து கெமிக்கல் பேக்டரியப் பெருசு பண்ணணும்னு கவர்மெண்டு தெருவ ஒட்டியிருந்த எங்க மல்லாட்டக் கொல்லைய, வேர்க்கடல வெளையிற நெலத்த, எடுத்துக்கிச்சி. வூட்ட வுட்டுட்டான். ஒரு சென்ட்டுக்குக் குடுத்த காசுல ஒரு ஆட்டுக்குட்டி வாங்கலாம், அதுவும் நோஞ்சான் குட்டி. எங்களுக்கு இருந்த ஆச ஒண்ணே ஒண்ணு. ஞாயமான வெல கெடச்சா குமராட்சிப் பக்கம் எந் தங்கச்சி ஊர்ல ஒரு காணி நெலம் வாங்கிக்கிட்டு, இந்த நாத்தத்த வுட்டு ஓடிப்போயிடணும். அதுக்குத்தான் கேஸு போட்டோம்.

எங்க வக்கீலு சூர்யநாராயணன், சிதம்பரத்துக்காரரு. சாட்சி சொல்ற அன்னிக்கு எங்கள ஓரமா கூப்புட்டாரு. "கவர்மெண்டு வக்கீல் அந்த போட்டோவக் காட்டுவாரு. தண்ணி கெட்ட நெலம், அதான் வெல கம்மின்னு வாதாடுவாரு. பச்சமுத்து, தண்ணி நல்ல தண்ணின்னு சொல்லிடுங்க. இல்லன்னா கேஸு அவ்ளோதான்"னாரு.

எனக்கு வந்துதே கோவம்! "ஏன் சார், தண்ணியக் கெடுக்கறதும் அவுங்க, கெட்டுப்போச்சின்னு வெலையக் கொறைக்கிறதும் அவுங்களா? கைய ஒடிச்சிட்டு, ஒடிஞ்ச கைக்குக் கூலி கம்மிங்கிற கதையாவுல்ல இருக்கு"ன்னேன். வக்கீலு கண்ணாடியக் கழட்டித் தொடச்சிக்கிட்டே இருந்தாரு.

எம் புருசன் பொய் சொல்லி நான் பாத்ததில்ல. மாடு விக்கப் போனா, "இது ஒதைக்கும்"னு அவரே சொல்லிட்டு, விக்காம ஓட்டிக்கிட்டு வர்ற ஆளு. கூண்டுல ஏத்தி, போட்டோவ நீட்டி, "இது உங்க தெருத் தண்ணிதானே?"ன்னாங்க. அவரு என்னப் பாத்தாரு. நான் குமராட்சிய நெனச்சிக்கிட்டுத் தலையக் குனிஞ்சிக்கிட்டேன்.

"பாட்டிலுதாங்க அழுக்கு. தண்ணி எளநி மாதிரி இருக்கும்"னாரு.

நல்ல தண்ணின்னு சொன்னா போதாதா? பொய் பழக்கமில்லாத ஆளு சொன்னா இப்பிடித்தான், அளவு தெரியாது.

தானே புயல் அடிச்ச வருசம் தீர்ப்பு வந்துது. வெலைய ஏத்திக் குடுக்கச் சொல்லிட்டாரு ஜட்ஜு. தெருவே வந்து மிட்டாய் கேட்டுது. மறுமாசமே கவர்மெண்டு மெட்ராஸ்ல அப்பீலு போட்டுடுச்சி. "இன்னும் எத்தினி வருசம் சார்?"னா வக்கீலு வானத்தப் பாத்துக் கையக் காட்டுறாரு. பணம் அங்க நின்னுபோச்சி, எம் புருசன் சொன்ன பொய்யி மட்டும் நடக்க ஆரம்பிச்சிடுச்சி. பேக்டரிக்காரன் அந்த எளநிப் பேச்சு எழுதியிருந்த தீர்ப்பக் காப்பி எடுத்து ஆபீஸ் ஆபீஸா குடுத்துட்டான். லாரி நின்னுபோச்சி.

மறுபடியும் பாட்டில எடுத்துக்கிட்டு ஓடுனேன். புது ஆபீசரு. "ஏம்மா, உங்க வூட்டுக்காரரே கோர்ட்டுல சத்தியம் பண்ணி எளநின்னு சொல்லியிருக்காரு. அப்பறம் லாரி எதுக்கு?"ன்னாரு. பாட்டிலத் தூக்கிக்கிட்டு வந்த வழியே திரும்பிட்டேன்.

தெருவுல யாரும் திட்டல. திட்டியிருந்தா பதிலுக்கு நாலு குடுத்திருப்பேன். எதுத்த வூட்டு செல்லாயி மட்டும் காலிக் கொடத்த இடுப்புல வச்சிக்கிட்டு, எம் புருசனப் பாத்து, "தெருவுக்கே எளநி வாங்கிக் குடுத்துட்டியேண்ணே, நல்லா இரு"ன்னுச்சி.

அன்னியிலேந்து அவரு அந்த அடிபைப்புத் தண்ணியத்தான் குடிக்கிறாரு. பொம்பளைங்க நாங்க அடுத்த ஊருக்கு நடந்து கொடம் கொடமா கொண்டாரோம், அதுல ஒரு சொட்டு தொடமாட்டேங்கிறாரு. "மாமா, உங்க கால்ல வுழறேன், வேணாம்"னு கத்தியும் பாத்துட்டேன், அழுதும் பாத்துட்டேன்.

"சொன்னவன் நாந்தான குணசுந்தரி"ங்கிறாரு. ரோசம் எங்க வந்து நிக்குது பாருங்க.

நேத்து தங்கச்சி போன் பண்ணுச்சி. நாங்க பாத்து வச்ச காணிய வேற யாரோ வாங்கிட்டாங்களாம். பைப்படியில நின்னவருகிட்ட போயி சொன்னேன்.

"அப்பிடியா"ன்னாரு. திரும்பி நின்னு பைப்ப அடிச்சி இன்னொரு சொம்பு ரொப்பிக்கிட்டாரு.