காய்ந்த காற்று

ஆய்வுக்கூடத்தில் அவளுக்கு முதுகுக்குப் பின்னால் 'பட்டாசு' என்று பெயர். வெடிமருந்து விஞ்ஞானி, அதோடு வாயும் அப்படி. இயக்குநராவது தளபதியாவது, தப்பென்று பட்டால் முகத்துக்கு நேரே வாங்கு வாங்கென்று வாங்கிவிடுவாள். படிப்பு முடிந்த கையோடு உள்ளே வந்தவள். தலை நரைத்ததும் இங்கேதான். கீழே விழுந்தாலும் தீயில் கிடந்தாலும் தானாக வெடிக்காத மருந்தை உருவாக்கியவள் அவள். கப்பலில் ஆயுதக் கிடங்குக்கு மேலேயே படுத்துத் தூங்குகிறவர்களை நினைத்துச் செய்தது அது.

ஆனால் கலந்து முடியும்வரை அந்த மருந்தை நம்ப முடியாது. காற்று காய்ந்திருந்தால் சட்டை உரசிக் கிளம்பும் பொறியே போதும். அப்படிப்பட்ட நாளில் கலவை அறையைப் பூட்ட வேண்டும் என்பது அவள் போட்ட விதி. சுவருக்கு அந்தப் பக்கம் நின்று இயக்கும் இயந்திரம் வேண்டுமென்று வருஷக்கணக்காகக் கேட்டாள். "பார்க்கலாம்மா" என்றே இழுத்தடித்தார்கள்.

அவள் சோதனைத் திடலுக்குப் போயிருந்த அன்று கலவை அறையில் மருந்து வெடித்தது. ஆரம்பத்திலிருந்து அவளோடு வேலை பார்த்த தொழில்நுட்பர், அவளை வாய் நிறைய 'அக்கா' என்று கூப்பிடுகிறவன், வலது கையை இழந்தான்.

ஆஸ்பத்திரியில் அவன்தான் சொன்னான். "மந்திரி வர்றாராம், உடனே கலக்கணும்னு இயக்குநர் இன்டர்காம்ல கூப்பிட்டாரு அக்கா. மீட்டர்ல ஈரப்பதம் ரொம்பக் கம்மியா காட்டுது சார்னேன். மீட்டரைச் சுவர் பக்கம் திருப்பி வைடான்னாரு."

அவள் நேராக ஆய்வுக்கூடத்துக்குத் திரும்பினாள்.

விசாரணைக் கூட்டத்தில் 'ஊழியரின் கவனக்குறைவு' என்று முடிவெழுதப் பார்த்தார்கள். இயக்குநர் குழைந்தார். "நீங்களும் ஒத்துக்கிட்டா இன்னைக்கே முடிஞ்சிடும். அவனுக்கும் ஏதாவது பாத்துச் செய்யலாம். உங்களுக்கு விருது வேற வரப்போகுது."

"மீட்டரைத் திருப்பி வைன்னு சொன்னது யாரு சார்?"

"யாரு? எப்போ?"

"இன்டர்காம்ல நீங்க கத்தினது வராண்டா முழுக்கக் கேட்டிருக்கு. கேட்ட ரெண்டு பேர் வெளியில நிக்கிறாங்க. கூப்பிடட்டுமா?"

விசாரணைத் தலைவர் பேனாவை மூடி வைத்தார். "கூப்பிடுங்க" என்றார்.

அந்த முடிவு மாறியது. தொழில்நுட்பருக்கு முழு இழப்பீடும் ஓய்வூதியமும் கிடைத்தன. இயந்திரமும் வந்தது. அவளுடைய விருது பற்றிப் பிறகு யாரும் வாயைத் திறக்கவில்லை. இயக்குநருக்கு மட்டும் தண்டனை எதுவும் இல்லை. தலைமையகத்தில் இன்னும் பெரிய நாற்காலி.

அந்தச் சேதியை அவன் வீட்டுக்குப் போய்ச் சொன்னாள். இடது கையால் தண்ணீர் ஊற்றிக்கொடுத்தவன் சிரித்துவிட்டான். "விடுங்கக்கா, போய்த் தொலையட்டும்."

"எப்படிடா விடச் சொல்ற?" என்று சீறினாள். "அங்கே போயும் யாரையாவது எதையாவது திருப்பி வைக்கச் சொல்லுவான்."

மறுநாள் காலை தலைமையகத்தின் வாசலில் போய் நின்றாள். சந்திக்க நேரம் கேட்கவில்லை. வரவேற்பறைக்காரர் உட்காரச் சொன்னார். அவள் உட்காரவும் இல்லை.