மூன்றாவது வீட்டுக் குடை

“டீச்சர், அந்தக் குடைய அவரு திருப்பிக் குடுத்தாரா?”

கிள்ளானில் ஒரு தமிழ்ப்பள்ளியின் மூன்றாம் ஆண்டு வகுப்பில் மீனலோசனி என்ற பிள்ளை கேட்ட கேள்வி இது. மகதலேனா டீச்சர் அப்போதுதான் எழுத்தாளர் நாகையாவின் கதையை வாசித்து முடித்துப் புத்தகத்தை மூடியிருந்தார்.

வேலை தேடிக் கோலாலம்பூருக்கு வந்த ஓர் இளைஞனின் கதை அது. நேர்முகத் தேர்வுக்குப் போகிற வழியில், பிரிக்பீல்ட்ஸில், பெருமழையில் மாட்டிக்கொண்டு ஒரு வீட்டு வாசலில் ஒதுங்குகிறான். அந்த வீட்டு அம்மாள் கதவைத் திறந்து, பெயர்கூடக் கேட்காமல், மூங்கில் பிடி போட்ட கறுப்புக் குடை ஒன்றை அவன் கையில் கொடுக்கிறாள். அவனுக்கு வேலை கிடைக்கிறது. கதை அத்துடன் முடிந்துவிடுகிறது.

“குடுத்தாரும்மா. கண்டிப்பா குடுத்தாரு” என்றார் மகதலேனா.

“பொஸ்தகத்துல இல்லையே டீச்சர்.”

“இல்லாட்டி என்ன? எனக்குத் தெரியும்.”

பிள்ளை நிம்மதியாக உட்கார்ந்துகொண்டது. டீச்சரின் நிம்மதி போய்விட்டது. தெரியாததைத் தெரியும் என்று சொல்லிவிட்டார். சின்னப் பொய்தான். ஆனால் அதைக் கேட்டது, சூரியன் மேற்கே உதிக்கும் என்று டீச்சர் சொன்னாலும் தலையாட்டுகிற பிள்ளை. அன்றிரவு ஜெபமாலை சொல்லும்போது மூன்று தடவை எண்ணிக்கை தப்பியது.

நாகையா இறந்து ஆறு வருடங்கள் ஆகிவிட்டன. புத்தகத்தின் முன்னுரையில், ‘இது எனக்கு நடந்தது. தண்ணீர்த் தொட்டிக்குப் பின்வரிசையில், ரயில்வே குவாட்டர்ஸின் மூன்றாவது வீடு’ என்று எழுதியிருந்தார். மகதலேனா அதை வாசகர் வட்டத்தில் வாசித்துக் காட்டினார். அந்த வீட்டைப் போய்ப் பார்த்தால் என்ன என்று கேட்டார். உள்ளே ஓர் ஆசை இருந்தது. அந்த அம்மாளோ அவர் பிள்ளைகளோ இன்னும் அங்கே இருந்தால், குடை திரும்பி வந்ததா என்று ஒரு வார்த்தை கேட்டுவிடலாம். பொய் மெய்யாகிவிடும்.

“நான் கூட்டிட்டுப் போறேன். பிரிக்பீல்ட்ஸ்ல எனக்குத் தெரியாத ஸ்லீப்பர் கட்டை கிடையாது” என்றார் ஸ்டானிஸ்லாஸ். முப்பது வருடம் ரயிலில் கார்டாக இருந்து ஓய்வு பெற்றவர்.

ஒரு சனிக்கிழமை பிற்பகல், பள்ளி வேன் ஓட்டுகிற பாலனின் வண்டியில் ஏழு பேர் கிளம்பினார்கள். அந்த வீட்டுக்கு மரியாதை செய்ய ஒரு தாம்பாளத்தில் ஆரஞ்சு, ஆப்பிள், வாழைப்பழம், ஒரு பூச்சரம். பெண்கள் நல்ல சேலை கட்டியிருந்தார்கள். “எழுத்தாளர் வீடு பார்க்கப் போறோம், நீயும் மனுசனா வா” என்று ஸ்டானிஸ்லாஸ் சொல்லியிருந்ததால், பாலன்கூட நீளக்கைச் சட்டை போட்டுத் தலையைப் படிய வாரியிருந்தான்.

தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் பன்னிரண்டு வீட்டு வரிசை ஒன்று நீண்டு கிடந்தது. ஸ்டானிஸ்லாஸ் வேனை விட்டு இறங்கி, விரல் நீட்டி எண்ணி, மூன்றாவது வீட்டைக் காட்டினார். அவர் கைநீட்டி முடிப்பதற்குள் அந்த வீட்டுக் கதவு திறந்தது.

“வாங்கோ, வாங்கோ. கிள்ளான்ல இருந்துதானே? அரை மணி முந்தியே வந்திட்டீங்க. நல்லது” என்று ஓர் அம்மாள் இரு கைகளையும் கூப்பினார். அவர் பெயர் குணபூசணி. அந்த வீட்டில் அவரிடம் மட்டும் யாழ்ப்பாணத்துப் பேச்சு மாறாமல் இருந்தது.

“நாம வர்றது இவங்களுக்கு எப்படிண்ணே தெரியும்?” என்று மகதலேனா மெல்லக் கேட்டார்.

“வாசகர் வட்டச் செய்தி பேப்பர்ல வந்துச்சுல்ல. பார்த்திருப்பாங்க” என்றார் ஸ்டானிஸ்லாஸ் பெருமையுடன்.

கூடத்தில் நாற்காலிகள் வரிசையாகப் போட்டிருந்தன. கேசரி வந்தது, வடை வந்தது. மகதலேனாவுக்குக் கண் கலங்கியது. நாட்டில் வாசகர்களை இப்படி மதிக்கிற வீடும் இருக்கிறதே என்று ஆண்டவருக்கு நன்றி சொன்னார். குணபூசணியின் தம்பி யோகநாதன் வெளியே போய், வேனிலேயே உட்கார்ந்திருந்த பாலனைக் கையைப் பிடித்து அழைத்து வந்து, நடு நாற்காலியில் உட்கார வைத்தார். பாலனின் கேசரியில் மட்டும் முந்திரி அதிகமாக இருந்தது.

“தம்பிக்கு ஷா ஆலம்லதானே வேலை?” என்று கேட்டார் யோகநாதன்.

“ஷா ஆலமுக்கும் போவேன் அங்கிள். காலையில ரெண்டு ட்ரிப். மத்தியானம் ஸ்கூல் ட்ரிப்.”

“ட்ரிப்பா? அரசாங்க ஆபிஸ்னு சொன்னாங்களே.”

“ஆபிஸா? இவன் எங்க டிரைவர் லா” என்றார் ஸ்டானிஸ்லாஸ், வாயில் வடையோடு.

அதே நேரம், பட்டுச்சேலை கட்டிய ஒரு பெண் காப்பித் தட்டுடன் உள்ளேயிருந்து வந்து நின்றாள். மகதலேனா அவளைப் பார்த்தார், பூச்சரம் வைத்த தங்கள் தாம்பாளத்தைப் பார்த்தார், நடு நாற்காலியில் வியர்த்துக்கொண்டிருந்த பாலனைப் பார்த்தார். விஷயம் புரிந்தது. அந்த வீட்டில் அன்று பெண் பார்க்க வருகிறார்கள். கிள்ளானிலிருந்துதான் வருகிறார்கள். ஆனால் இவர்கள் இல்லை.

எழுந்து நின்று, குடைக் கதை முதல் தாம்பாளம் வரை எல்லாவற்றையும் தட்டுத் தடுமாறிச் சொன்னார். முதலில் சிரித்தது அந்தப் பெண்தான். குணபூசணியின் மகள் குணேஸ்வரி. காப்பித் தட்டைக் கீழே வைத்துவிட்டு, முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினாள்.

“உங்கட கழுத்துச் சிலுவையைப் பார்த்தனான்” என்று குணபூசணியும் சிரித்தார். “மாப்பிள்ளை வீட்டில வேதக்காரரும் இருக்கினம் போல எண்டு நினைச்சுக்கொண்டேன்.”

“மூணாவது வீட்டையா தேடி வந்தீங்க? இது பத்தாவது வீடு” என்றார் யோகநாதன். “அந்தப் பக்கத்துல இருந்துதான் நம்பர் ஆரம்பம்.”

எல்லோரும் ஸ்டானிஸ்லாஸைப் பார்த்தார்கள். அவர் வடையை விழுங்கினார்.

“கார்டு பெட்டி எப்பவும் ரயிலுக்குக் கடைசியிலதான். முப்பது வருசமா நான் பின்னால இருந்துதான் எண்ணியிருக்கேன்” என்றார்.

“அந்த மூணாவது வீட்டை இடிச்சு ரெண்டு வருசம் ஆச்சு. ஜம்பு மரம் மட்டும் நிக்குது” என்றார் யோகநாதன். “குவாட்டர்ஸ்தானே, மாத்தல்ல வருவாங்க, போவாங்க. அந்தக் காலத்துல யார் இருந்தாங்கன்னு யாருக்குத் தெரியும்?”

மகதலேனாவின் முகம் வாடியது. ஆனால் வாடுவதற்கும் நேரமில்லை. வாசலில் ஒரு கார் வந்து நின்றது. அதன் பின்னால் இன்னொன்று. நிஜ மாப்பிள்ளை வீட்டார்.

கேசரிப் பாத்திரத்தில் பாதிதான் மீதி. மகதலேனா கொண்டுவந்த தாம்பாளத்தைக் குணபூசணியின் கையில் வைத்தார். “இத முன்னால வைங்கக்கா. நாங்க சாப்பிட்ட இடம் தெரியாது.”

“பழம் உங்கட கதைக்குக் கொண்டு வந்ததாச்சே.”

“அந்த வீடுதான் இல்லையேக்கா.”

ஏழு பேரும் பாலனும் சமையலறை வழியாகப் பின்பக்கம் நழுவினார்கள். அதற்குள் மழை பிடித்துக்கொண்டது. கொல்லையைச் சுற்றி வேனுக்கு ஓட வேண்டும். பட்டுச்சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு குணேஸ்வரி பின்வாசலுக்கு ஓடி வந்தாள். கையில் ஒரு குடை.

“எடுத்துட்டுப் போங்க ஆன்டி. அப்புறம் குடுத்துக்கலாம்.”

“உன்னைப் பார்க்க வந்திருக்காங்கம்மா. உள்ள போ.”

“அவங்க கார்ல வந்திருக்காங்க. நீங்கதான் நனைவீங்க.”

வேன் பங்சாரைத் தாண்டியது. பாலன் கண்ணாடியில் பார்த்து, “அவங்க வீட்டு கேசரி ரொம்ப நல்லாருந்துச்சு” என்றான். பெட்டாலிங் ஜெயா வரை சிரிப்பு ஓயவில்லை. மகதலேனாவும் சிரித்தார். மடியில் அந்தக் குடை நனைந்து கிடந்தது.

திங்கட்கிழமை வகுப்பில் அவர் மீனலோசனியை எழுப்பினார்.

“அன்னிக்கு டீச்சர் சொன்னது தப்பு. அவரு குடையைக் குடுத்தாரா இல்லையான்னு எனக்குத் தெரியாது. போய்த் தேடினேன். அந்த வீடே இல்ல.”

பிள்ளை விடவில்லை. “அப்ப அந்த அம்மாவுக்குக் குடை வரவே இல்லையா டீச்சர்?”

“இந்தத் தடவை யோசிச்சுச் சொல்றேம்மா” என்றார் மகதலேனா.

அடுத்த சனிக்கிழமை அவர் மட்டும் தனியாக பஸ் ஏறிக் கோலாலம்பூருக்குப் போனார். அவரிடம் இரண்டு குடைகள் இருந்தன. பத்தாவது வீட்டில் ஒன்றைக் கொடுத்தார். குணபூசணி கையைப் பிடித்து உள்ளே இழுத்து, கேசரி வைத்தார். இந்த முறை முந்திரி நிறைய இருந்தது. தை மாதம் கல்யாணம் என்றார். மாப்பிள்ளையின் அம்மா அந்தப் பழத்தட்டைப் புகழ்ந்ததையும், எந்தக் கடை என்று கேட்டதையும் சொல்லிச் சொல்லிச் சிரித்தார்.

விடைபெற்று, வரிசையின் மறுமுனைக்கு நடந்தார். மூன்றாவது வீடு இருந்த இடத்தில் சிமெண்டுப் படிகள் இரண்டு, லாலாங் புல், ஒரு ஜம்பு மரம். மத்தியான வெயிலில் தெருவில் ஆள் இல்லை.

மகதலேனா பையிலிருந்த இன்னொரு குடையை எடுத்தார். கிள்ளானில், தெங்கு கிளானா சாலையில் நான்கு கடை ஏறி இறங்கி வாங்கியது. கறுப்புக் குடை, மூங்கில் பிடி. படிக்கு நேர் மேலே, கை எட்டுகிற கிளையில் அதை மாட்டினார். பெயர் எழுதவில்லை, சீட்டு வைக்கவில்லை. ஒரு நிமிடம் அந்தப் படியில் நின்று, பெயர் தெரியாத அந்த அம்மாளுக்காக ஒரு ஜெபம் சொன்னார்.

பஸ் நிறுத்தத்துக்குப் பாதி வழி வந்தபோது மழை தூறத் தொடங்கியது. திரும்பிப் போய் எடுத்துக்கொள்ளலாம்தான். மகதலேனா முந்தானையைத் தலையில் போட்டுக்கொண்டு, நனைந்தபடியே நடந்தார்.