தாலிக்குப் போன பொன்

செல்வராசா அதைச் சாப்பாட்டுப் பெட்டிக்குள் வைத்து, பாண் சுற்றிக்கொண்டுபோன தாளால் மூடி வீட்டுக்குக் கொண்டுவந்தார். ஹனோவருக்கு வடக்கே சல்லி தோண்டியெடுக்கும் ஒரு கிடங்கில் அவருக்கு வேலை. லோடர் இயந்திரம் வழித்துக் கொட்டும் மண், ரப்பர் பட்டியில் ஓடிவரும். அதற்குள் கிடக்கும் வேரையும் துருப்பிடித்த இரும்பையும் பொறுக்கி எறிய வேண்டும். அன்றைக்கு அவர் எறியாமல் சட்டைப்பைக்குள் போட்டது உள்ளங்கை நீளத் தகடு ஒன்று. குசினிக் குழாயின் கீழே பிடித்துக் கழுவியதும் மஞ்சளாய் ஒளிவிட்டது. இடையிடையே சிவப்புக் கற்கள்.

"இஞ்சரும், கையிலை பிடிச்சுப் பாரும்," என்றார்.

மனைவி யோகம் வாங்கினாள். நல்ல பாரம்.

"ஆரின்ரை இது?"

"ஆரின்ரையும் இல்லை. மண்ணுக்கை கிடந்தது. பழைய காலத்துச் சாமானாக்கும்."

"வேலையிடத்திலை சொல்ல வேண்டாமே?"

"சொன்னால் கையைக் குலுக்கிப்போட்டு வாங்கி வைப்பாங்கள். சுகிர்தன்ரை கலியாணம் வருகுது. யோசியும்."

யோகம் அதிகம் யோசிக்கவில்லை. அவளுடைய தாலிக்கொடி ஜெர்மனிக்கு வந்த வழியிலேயே ஆள் கடத்திவிட்ட ஏஜென்சிக்காரனுக்குப் போய்விட்டது. மருமகளுக்காவது நாலு பேர் பார்க்கிற மாதிரி ஒரு கொடி போட வேண்டும் என்று அவள் எத்தனை வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்தாள்! செல்வராசா கற்களை ஸ்க்ரூ ட்ரைவரால் கிண்டியெடுத்துக் குப்பைக்குள் கொட்டினார். தகட்டைப் பால்கனிச் சீமெந்தில் வைத்து அடித்து மடித்து, உருத்தெரியாத கட்டியாக்கினார். சத்தம் கீழ் வீட்டுக்குக் கேட்கக்கூடாதென்று யோகம் வானொலியைக் கூட்டிவைத்தாள்.

2003 ஆவணியில், தாலிக்குப் பொன் உருக்கும் பொன்னுருக்குச் சடங்கு நடந்தது. எசன் நகரிலிருந்து நகை செய்யும் செல்வரட்ணம் பத்தர் தன் சாமான்களோடு வந்திறங்கினார். நிறைகுடத்துக்கு முன்னால் சுகிர்தன் வேட்டியோடு இருந்தான். வழக்கப்படி வைத்த பவுணோடு, "வீட்டிலை கிடந்த பழைய காப்பு" என்று செல்வராசா அந்தக் கட்டியையும் கொடுத்தார். பத்தர் இரண்டையும் சேர்த்து உருக்கினார். உருகித் திரண்ட பொன்னைத் தட்டில் வைத்துச் சபைக்குக் காட்டியபோது, யோகம் அதைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.

பெண் ஆரணி. எசனில் வளர்ந்தவள், சிறுவர் பள்ளியில் வேலை. இங்கே மற்றப் பெண்கள் தாலிக்கொடியை வங்கி லொக்கரில் வைத்துவிட்டு, கொண்டாட்டத்துக்கு மட்டும் எடுப்பார்கள். "நீ எந்நாளும் போடு பிள்ளை," என்று யோகம் கேட்டுக்கொண்டாள். ஆரணியும் மாமி சொல்லைத் தட்டாமல், ஸ்வெட்டருக்குள் கொடி கிடக்கத்தான் வேலைக்குப் போய்வந்தாள்.

இரண்டு வருடம் கழித்து, மாசிப் பனிக்குள் பஸ்ஸுக்குக் காத்து நின்ற செல்வராசா அப்படியே சரிந்து விழுந்தார். ஆஸ்பத்திரிக்குப் போகும்போதே உயிர் இல்லை.

2007 புரட்டாதியில் ஒருநாள் சுகிர்தன் பேப்பரோடு வந்தான்.

"அம்மா, அப்பா வேலை செய்த கிடங்கிலை ஒரு வள்ளம் எடுத்திருக்கினமாம். ஆயிரத்தி நானூறு வருசப் பழசு. பெரிய தலைவன் ஒருத்தனை அதுக்கை வைச்சுத் தாட்டிருக்கினம். ஞாயிற்றுக்கிழமை சனத்துக்குக் காட்டீனமாம். ஒருக்காய்ப் போய்ப் பாப்பமே?"

யோகத்துக்குப் பால்கனியில் அடித்துக் கட்டியாக்கிய தகடு நினைவுக்கு வந்தது. போகமாட்டேன் என்று சொல்ல ஒரு காரணமும் வாயில் வரவில்லை.

அன்று காலையிலிருந்தே மழை. கிடங்கின் ஓரத்தில் வெள்ளைக் கூடாரம் அடித்து, சேற்றின் மேல் பலகை போட்டிருந்தார்கள். உள்ளே வள்ளம் என்று சொல்ல மரம் எதுவும் இல்லை. மரம் உக்கி மணலோடு மணலாகிவிட்டது. வள்ளத்தின் வடிவம் மட்டும் கறுத்த கோடாகக் கிடந்தது. கோட்டின் நெடுக வரிசையாகத் துருக்கட்டிகள். பலகைகளைப் பொருத்திய ஆணிகள் அவை. ஒரு பக்கத்தில் அந்த வரிசை வெட்டினாற்போல நின்றது. அதற்கு அப்பால் வெறும் பள்ளம்.

அகழ்வுக்குப் பொறுப்பான ஹார்ம்ஸ் என்ற பெண்மணி, நனைந்த தொப்பியோடு நின்று விளக்கினார். ஆரணி மாமியின் காதோரம் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தாள்.

"இவை சாக்சன் ஆக்களாம் மாமி. இவையின்ரை சனம்தான் கடல் கடந்து இங்கிலாந்துக்குப் போனதாம். அங்கையும் அரசன்மாரைக் கப்பலோடை தாட்டிருக்கினம். எலும்பை மண் திண்டிட்டுது. அந்தக் கறுப்புத்தான் ஆளாம்."

யோகம் பார்த்தாள். ஒருக்களித்துப் படுத்த மனிதனின் நிழல் போல மணலில் ஒரு கறை. தலைமாட்டில் நசுங்கிய வெண்கலக் கிண்ணம். பக்கத்தில் வாளின் துரு. இடுப்பு இருக்க வேண்டிய இடத்தில் சின்னக் கண்ணாடிப் பெட்டி. அதற்குள் பொன் வளையமும் அதன் ஊசியும்.

ஹார்ம்ஸ் அந்தப் பெட்டியைச் சுட்டிக்காட்டினார். ஆரணியின் குரல் அவர் சொன்னதைத் தொடர்ந்தது.

"இது பெல்ட் பூட்டின்ரை பாதிதானாம். மற்றப் பாதி, தகடு, இல்லை. முறிவு புதுசு, அதாலை லோடர்தான் அள்ளியிருக்க வேணும் எண்டுறா. தகட்டிலை ஒரு மிருகம் பொறிச்சிருக்குமாம். அதைப் பாத்தால் இவர் எந்தப் பகுதியாள், எவையோடை உறவு எண்டு கொஞ்சம் சொல்லலாமாம். இப்ப ஒண்டும் தெரியாதாம்."

பிறகு ஆரணி தன்பாட்டில், "பாவம் என்ன மாமி?" என்றாள். குளிருக்குக் கழுத்துத் துணியை இழுத்துவிட்டாள். கொடியின் ஓரம் வெளியே தெரிந்தது.

அதற்குப் பிறகு யோகத்துக்குச் சாப்பாடு இறங்கவில்லை. படுத்தால் அந்தக் கறை வந்தது. செல்வராசா விழுந்துகிடந்த விதமும் வந்தது. இரண்டையும் முடிச்சுப்போடக்கூடாது, அவருக்கு முதலே பிரஷர் இருந்தது என்று தனக்குத்தானே சொல்லிப் பார்த்தாள். ஆனால் ஆரணிக்கு அப்போது ஐந்து மாதம். கொடி அவள் வயிற்றுக்கு மேலே புரள்வதைக் காணும்போதெல்லாம், பிறக்கப்போகும் பிள்ளைக்கும் ஏதும் வந்துவிடுமோ என்று யோகம் பயந்தாள்.

ஒரு பின்னேரம் ஆரணி தன் வீட்டிலிருந்து கஞ்சி கொண்டுவந்து வைத்தாள். யோகம் அவளுடைய கையைப் பிடித்தாள்.

"பிள்ளை, அந்தக் கொடியைக் கழட்டு."

ஆரணிக்கு விளங்கவில்லை. "ஏன் மாமி, பாரமெண்டோ? எனக்குப் பழகிட்டுது."

"கழட்டு எண்டு சொல்லுறன். அது செத்தவன்ரை பொன்."

முழுவதையும் சொன்னாள். வானொலியைக் கூட்டி வைத்ததைக்கூட விடவில்லை. கேட்டு முடித்த ஆரணி கதிரையில் இருந்துவிட்டாள். கை மட்டும் கொடியைத் தொட்டபடி கிடந்தது.

"இதை ஏன் மாமி எனக்குச் சொன்னனீங்கள்?" என்றாள் கடைசியில். "தெரியாமலே இருந்திருப்பன்."

யோகம் கஞ்சிக் கோப்பையைத் தள்ளிவைத்தாள்.

அன்றிரவு வேலையால் வந்த சுகிர்தனிடம் ஆரணிதான் சொன்னாள். உடனே அவன் தாயின் வீட்டுக்கு வந்தான்.

"இப்ப என்ன செய்யப்போறியள்?"

"அந்த மனிசியிட்டைப் போய்ச் சொல்லப்போறன், மோனை."

"சொல்லி? உருக்கினது திரும்பி வருமே? அப்பா போயிட்டார். நாளைக்குப் பேப்பரிலை கள்ளன் எண்டு அவற்றை பேர் வரும். அவர் இந்த நாட்டிலை ஒருத்தற்றை ஒரு சதம் எடுத்தவரே?"

"இல்லை. ஆனால் இதை எடுத்தவர். நானும்தான்."

"போறதெண்டால் போங்கோ. என்னைக் கூப்பிடாதேங்கோ," என்றுவிட்டு அவன் கதவைச் சாத்திக்கொண்டு போனான்.

ஆரணிதான் ஹார்ம்ஸோடு பேசி, சந்திக்க டெர்மின் எடுத்து, காரில் கூட்டிக்கொண்டு போனாள்.  ஹார்ம்ஸின் அலுவலக அறையில் மேசை முழுவதும் மணல் பைகள். ஹார்ம்ஸ் கோபப்படுவார், சத்தம் போடுவார் என்று யோகம் நினைத்திருந்தாள். அவர் கேட்டுக்கொண்டே இருந்தார். நடுவில் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். எடுத்தவர் உயிரோடு இல்லாததால் என்ன செய்வார்களோ தெரியாது, ஆனால் மேலிடத்துக்குத் தான் அறிவிக்கத்தான் வேண்டும் என்றார். பிறகு ஆரணியின் கழுத்தைப் பார்த்தார். ஆரணி கொடியைக் கழற்றி மேசையில் வைத்தாள். கல்யாணத்துக்குப் பிறகு அன்றுதான் முதல் தரம்.

ஹார்ம்ஸ் அதைத் தூக்கிப் பார்த்தார். பதக்கத்தைத் திருப்பினார். மெல்லத் திரும்ப வைத்தார்.

"இது இப்ப வெறும் பொன்தானாம், மாமி," என்றாள் ஆரணி. "இதாலை அவைக்கு ஒண்டும் அறியேலாதாம்."

ஹார்ம்ஸ் ஒரு வெள்ளைத் தாளும் பென்சிலும் எடுத்து யோகத்துக்கு முன்னால் வைத்தார். அந்தத் தகட்டைக் கையில் வைத்துப் பார்த்தவர்களில் இன்றைக்கு உயிரோடு இருப்பது நீங்கள் ஒருவர்தான் என்றார். தெரிந்ததை வரையுங்கள், கோணல்மாணலாக இருந்தாலும் காரியமில்லை.

யோகம் பென்சிலைப் பிடித்தாள். நீளமாக ஒரு பெட்டி கீறினாள். ஓரங்களில் கற்களுக்காகச் சின்ன வட்டங்கள். அதற்கு மேல் கை ஓடவில்லை.

"மிருகத்துக்குக் கால் இருந்ததோ எண்டு கேக்கிறா. பாம்பு மாதிரியோ, பறவை மாதிரியோ? சொண்டு இருந்ததோ?"

யோகம் கண்ணை மூடினாள். குசினி தெரிந்தது. குழாய்த் தண்ணீர் தெரிந்தது. செல்வராசாவின் ஈரக் கை தெரிந்தது. தகட்டின் பாரம் உள்ளங்கையில் அப்படியே இருந்தது. எத்தனை பவுண் தேறும், கொடி எவ்வளவு தடிப்பாக வரும் என்று அன்று மனதுக்குள் போட்ட கணக்கும் நினைவிருந்தது. அதில் என்ன பொறித்திருந்தது என்று அவள் பார்க்கவேயில்லை.

"நான் பாக்கேல்லைப் பிள்ளை," என்றாள். "நிறையைத்தான் பாத்தனான்." அப்போதுதான் அவளுக்கு அழுகை வந்தது.

 ஹார்ம்ஸ் அந்தப் பெட்டியும் வட்டங்களும் கீறிய தாளை எடுத்துத் தேதி போட்டு, ஒரு உறைக்குள் வைத்தார்.

பேப்பரில் பேர் வரவில்லை. அலுவலகத்திலிருந்து இரண்டு கடிதம் வந்ததோடு அந்த விஷயம் அடங்கிவிட்டது. கொடி லொக்கருக்குள் போனது. ஆரணி மஞ்சள் கயிற்றில் சின்னத் தாலி ஒன்று கோத்துப் போட்டுக்கொண்டாள். அதற்கு யாரும் பொன்னுருக்கவில்லை. மாசியில் பெண் குழந்தை, குறையில்லாமல் பிறந்தது. குழந்தையின் முப்பத்தொன்றாம் நாள் சடங்குக்குச் சுகிர்தன் தாயைக் கூட்டிப்போக வந்தான். காருக்குள் குழந்தையின் பாலைப் பற்றியும் ரோட்டைப் பற்றியும் மட்டும் பேசினான். அதற்குப் பிறகும் அப்படித்தான். தகப்பனின் பேரை அவன் தாய்க்கு முன்னால் எடுப்பதில்லை.

அந்தச் சித்திரையில் ஹார்ம்ஸ் ஒருதரம் ஃபோன் எடுத்தார். வள்ளத்தின் ஆணிகளையும் சாமான்களையும் மியூசியத்துக்கு அனுப்பப்போவதாகவும், அதற்கு முன் ஒருமுறை கேட்டுப் பார்ப்பதாகவும் யோகத்துக்கு விளங்கும்படி மெதுவாகச் சொன்னார். ஏதாவது நினைவு வந்ததா? ஆரணி பக்கத்தில் இல்லை, மொழிபெயர்க்க ஆளில்லை. யோகம் ரிசீவரைக் காதோடு அழுத்திப் பிடித்துக்கொண்டு, தனக்குத் தெரிந்த ஜெர்மனில் இல்லை என்பதற்கு "நைன்" என்றாள்.  ஹார்ம்ஸ் நன்றி சொல்லி ஃபோனை வைத்துவிட்டார்.