இடம் மாறினால் குறி மாறும்

பிரபஞ்சத்தின் ஐந்தாவது விசை அன்று காலை பதினோரு மணிக்கு அறிவிக்கப்படவிருந்தது. அதற்கு முன் சட்டைக்குப் பொத்தான் தைக்க வேண்டியிருந்தது.

தைத்துக்கொண்டிருந்தவள், அதை அறிவிக்கவிருந்த இயற்பியல் பேராசிரியரின் மனைவி. ரயில் நிலைய முன்பதிவுக் கவுன்ட்டரில் வேலை. பேராசிரியரோ பதினெட்டுப் பக்கக் கட்டுரையைச் சாப்பாட்டு மேசையில் விரித்து, பனியனோடு நின்று, தண்ணீர்ச் சொம்பைச் சபையாகப் பாவித்து ஒத்திகை பார்த்தார். எலக்ட்ரான் போன்ற ஃபெர்மியான் துகள்கள் இரண்டு, நடுவில் தூதுக்கு ஆள் வைக்காமல், ஒரே புள்ளியில் நேராக முட்டிக்கொள்வதுதான் தொடுவிசை. ஒரே ரகமாய், ஒரே பக்கம் சுழலும் துகள்களுக்கிடையே அது எவ்வளவு என்பது அவர் கண்டுபிடிப்பு. அதைக் குறிக்கும் மாறிலிக்கு மனைவி பெயரின் முதல் எழுத்தையே வைத்திருந்தார். கல்யாணமாகி இருபத்தைந்தாம் ஆண்டு; கைக்கடிகாரம் வாங்கித் தந்தால் கடைக்குப் போய் மாற்றிவிடுவாள். இதை மாற்ற முடியாது.

“ஏங்க, ஒரு சந்தேகம்.”

“கேள்வியெல்லாம் கடைசியில.”

“அட, சும்மா இருங்க. ஃபெர்மியான்னா ஒரு சீட்டுக்கு ஒரே ஆள்தான்னு கல்யாணமான புதுசுல சொன்னீங்களே? ரெண்டும் அச்சு அசல் ஒண்ணுன்னா, ஒரே புள்ளியில எப்படி வந்து உக்காரும்? எங்க கவுன்ட்டர்ல இப்படி டபுள் புக்கிங் பண்ணினா என் சீட்டு கிழிஞ்சிடும்.”

பேராசிரியர் பெருந்தன்மையோடு சிரித்தபடி நான்காம் பக்கத்தைப் புரட்டினார். சிரிப்பு பாதியில் நின்றது. இரண்டு துகள்களையும் இடம் மாற்றி எழுதினால் கூட்டல் குறி கழித்தலாக வேண்டும். அவர் கூட்டலாகவே விட்டிருந்தார். திருத்தியதும் சமன்பாட்டின் இரண்டு உறுப்புகளும் ஒன்றையொன்று அடித்துக்கொண்டு போயின. மிச்சம் பூஜ்ஜியம்.

“அப்போ என் எழுத்து?”

“பூஜ்ஜியத்தைப் பெருக்கிக்கிட்டு நிக்குது.”

அவள் நூலைப் பல்லால் கடித்தாள், சிரிப்பையும் சேர்த்துத்தான். “பரவாயில்ல. நீங்க தந்ததுலயே வீட்டுல இடத்தை அடைக்காத பரிசு இதுதான். போய் உள்ளதைச் சொல்லுங்க.”

“என்னன்னு?”

“ஒண்ணை ஒண்ணு தொடாதுன்னு.”

சட்டையை மாட்டிவிட்டு அவள் காலரைச் சரிசெய்தாள். அந்தக் கையை அவர் பிடித்துக்கொண்டார்.

“அப்போ நாம?”

“நாம ஒரே ரகமா என்ன? நான் கேட்டுட்டு எழுதுறவ, நீங்க எழுதிட்டுக் கேக்குறவரு. தாராளமாத் தொட்டுக்கலாம். மணியாச்சு, கிளம்புங்க.”

பதினோரு மணிக்கு மேடையேறி அவர் உள்ளதைச் சொன்னார். முன்வரிசையில் யாரும் சிரிக்கவில்லை. பின்வரிசையில் சிரித்தார்கள். அங்கே இருந்தவர்கள் அவருடைய மாணவர்கள். இதே குறித் தவற்றுக்காகப் போன தேர்வில் அவர்களில் பதினொரு பேரை அவர் ஃபெயிலாக்கியிருந்தார்.