எழுதாமல் விட்ட பிரசவம்

கூடுவாஞ்சேரியில் குடியிருந்த ஹேமாவதி ஆறு வருடம் கர்ப்பமாக இருந்தாள். அவள் ஒரு மாலை நேரத் தொடரில் அக்காவாக நடித்தாள். அதை எழுதியவன் அவள் கணவன் குமரேசன். முதல் வருடம் நன்றாகவே எழுதினான். அப்பாவின் மனைக்காக முறைத்துக்கொண்ட அக்கா தங்கை கதை அது. தாம்பரம் பேருந்து நிலையத்தில் முன்பின் தெரியாத பெண்கள் அதைப் பற்றி வாதாடினார்கள். அவளுக்கு நிஜமாகவே நாள் தள்ளிப்போனபோது குமரேசன் அதையும் கதையில் சேர்த்தான். பார்ப்பவர்கள் பெருகினார்கள். குழந்தை பிறந்துவிட்டால் கூட்டம் கலைந்துவிடும் என்று சேனல்காரர்கள் பிரசவத்தைத் தள்ளிப்போடச் சொன்னார்கள், தள்ளிப்போட்டான். பத்து மாதம் கடந்தும் ஹேமாவதிக்கு வலி எடுக்கவில்லை. டாக்டர் தையல்நாயகி ஸ்கேன் பார்த்துவிட்டு, குழந்தை நன்றாக இருக்கிறது, கதையில் பிறக்காமல் இங்கே பிறக்காது என்று சொல்லி இரும்புச்சத்து மாத்திரை எழுதிக் கொடுத்தார்.

அதன்பிறகு தொடரில் பாலில் விஷம் கலந்தார்கள். அக்காவுக்கு நினைவு தப்பியது, திரும்பியது, மறுபடி தப்பியது. செத்துப்போன மாமனார் தாடியோடு வந்தார். ஒரு பாம்பு நாற்பது எபிசோடு காலித் தொட்டிலைச் சுற்றியது. குமரேசன் முதலில் வெட்கப்பட்டு எழுதினான். பிறகு வெட்கப்படாமல் எழுதினான். மின்சார ரயிலில் ஆறு வருடமும் ஹேமாவதிக்கு எழுந்து இடம் கொடுத்தார்கள்.

"ஒரே ஒரு சீனுங்க. எழுதிக் குடுங்க, பெத்துக்கறேன்" என்றாள் ஒருநாள்.

"டிஆர்பி கொஞ்சம் எறங்கட்டும், ஹேமா."

இறங்கியது. ஒரு வாரத்தில் முடிக்கச் சொன்னார்கள். பிரசவக் காட்சியை எழுத அவன் உண்மையாகவே உட்கார்ந்தான். குழந்தையை முதன்முதலாகப் பார்க்கிறவள் என்ன சொல்வாள் என்று இரண்டு நாள் யோசித்தும் ஒரு வரி வரவில்லை. படப்பிடிப்பில் ஆட்கள் காத்திருந்தார்கள். கறுப்புத் திரையில் 'ஆறு ஆண்டுகளுக்குப் பிறகு' என்று போட்டு, சீருடையில் ஒரு சிறுமியை ஓடிவரச் செய்து தொடரை முடித்தான்.

கடைசி எபிசோடு ஒளிபரப்பான மறுநாள் காலை ஹேமாவதியின் வயிறு ஒட்டிக் கிடந்தது. மார்பில் பால் கட்டி வலித்தது. ஹாலில் முன்பல் விழுந்த ஒரு சிறுமி சீருடையில் ஷூ மாட்டிக்கொண்டிருந்தாள்.

"ம்மா, வேன் வந்துடும். டிபன் கட்டிட்டியா?"

ஹேமாவதி கணவனைப் பார்த்தாள். "இவ எப்பங்க நடந்தா? மொதல்ல என்ன பேசினா?"

"அதெல்லாம் எழுதலை" என்றான் குமரேசன்.

அவள் சிறுமியின் புத்தகப் பையைத் திறந்து, நோட்டில் ஒட்டியிருந்த லேபிளில் பெயரைப் படித்தாள். சினேகா. பிறகு சமையலறைக்குப் போய், சட்னியில் காரம் எவ்வளவு வேண்டும் என்று அங்கிருந்தே மகளிடம் கேட்டாள்.