தங்கப் பல்லிக்கு முன்பணம்

பூவராகவன் செய்த முதல் தவறு மிகச் சிறியது. போட்டி விண்ணப்பத்தில் 'உருவாக்கியவர்' என்ற கட்டத்தில் ஒரு பெயருக்குத்தான் இடம் இருந்தது. தன் பெயரைப் போட்டான்.

எட்டு நிமிட அனிமேஷன் படம். நல்லவன் ஒருவன் கொஞ்சம் கொஞ்சமாகக் கெட்டு, கடைசியில் கண்ணாடியில் தன் முகமே தெரியாமல் நிற்கிற கதை. கதையும் கல்லூரியில் கூடப் படிக்கும் ஜோசுவாவுடையது, கூரத்திலிருந்து பஸ் ஏறி வந்து இரண்டு வருடம் வரைந்த கையும் ஜோசுவாவுடையது. பூவராகவன் தந்தது லேப்டாப்பும் டீயும்.

அந்தச் சனிக்கிழமை வரதராஜர் கோயிலில் படியேறி, கூரையிலிருக்கும் தங்கப் பல்லியையும் வெள்ளிப் பல்லியையும் தொட்டான். தொட்டால் பாவம் போகும் என்று சின்ன காஞ்சிபுரத்தில் பிறந்தவனுக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை. போயிற்று. மதியம் நன்றாகச் சாப்பிட்டான்.

படம் பரிசு வாங்கியது. சென்னை ஸ்டுடியோ ஒன்று அவனை வேலைக்குக் கூப்பிட்டது.

"இன்னா பூவா, என் பேர எப்ப சேக்கப் போற?" என்றான் ஜோசுவா.

"மெயில் போட்டுக்கினே கீறேன்டா. அவங்கதான் ரிப்ளை பண்ல."

மெயில் எதுவும் போகவில்லை. மறுபடி பல்லி.

ஜோசுவா கல்லூரியில் புகார் கொடுத்தான். திங்கட்கிழமை விசாரணை, பொய் சொன்னவனுக்குச் சீட்டுக் கிழியும். ஞாயிற்றுக்கிழமை பூவராகவன் லேப்டாப்பிலிருந்த ஜோசுவாவின் ஓவியங்களையெல்லாம் அழித்தான். மறுநாள் காலை, விசாரணைக்கு முன்பே கோயிலுக்குப் போய்விட்டான். செய்துவிட்டு வந்து தொடுவதைவிடத் தொட்டுவிட்டுப் போய்ச் செய்வது அலைச்சல் மிச்சம்.

துறைத்தலைவர் அறை வாசலில் நின்ற ஜோசுவா, அவன் காதில் செருகியிருந்த துளசியைப் பார்த்தான்.

"பல்லியத் தொட்டுட்டா வர்ற?"

"ஆமாண்டா."

"உள்ள போறதுக்கு முன்னாடியேவா?" ஜோசுவா சிரிக்கப் பார்த்தான். வரவில்லை. "அப்ப எல்லாத்தையும் முடிவு பண்ணிக்கினுதான் வந்துகீற."

உள்ளே பூவராகவன் எல்லாம் தானே வரைந்தது என்றான். துறைத்தலைவர் பரசுராமன் கண்ணாடியைக் கழற்றினார்.

"இப்படி ஒரு இருட்டான கதை உனக்கு எப்படிப்பா தோணுச்சு?"

"சொந்த அனுபவம் சார்."

அந்த அறைக்குள் அவன் சொன்னதில் அது ஒன்றுதான் உண்மை.

ஜோசுவாவிடம் ஆதாரம் எதுவும் இல்லை; பொய்ப் புகார் என்று அவனை நீக்கினார்கள். இப்போது ஒரகடத்தில் ஒரு கிடங்கில் பெட்டிகளுக்கு ஸ்டிக்கர் ஒட்டுகிறான்.

வேலையில் சேரும் முன் பூவராகவன் மறுபடி படியேறினான். பல்லியைத் தொட்டுவிட்டு, நெஞ்சிலிருந்து கனம் இறங்குவதற்காகக் காத்திருந்தான். இறங்குவதற்கு அங்கே எதுவும் இல்லை. திரும்பத் தொட்டான். தகடு சில்லென்று இருந்தது, அவ்வளவுதான்.

"தொட்டாச்சில்ல? எறங்குப்பா," என்றார் வரிசையை நகர்த்துகிறவர்.

"இன்னொரு வாட்டிண்ணா."

"எத்தினி வாட்டி தொட்டாலும் அதே பல்லிதாம்பா. எறங்கு."